எழுந்திருக்காத நான்காம் வார்டு நாயகி

ஊசிமுனைக் கூர்மதியும் கத்திரிக்கோல் நாவும் படைத்த தையற்காரியே, நான்காம் வார்டு தேர்ந்தெடுத்த நாயகியே, வாழி! பொதுக் கழிப்பறை கட்டித் தருவேனென்று வாசல்தோறும் வாக்குரைத்து வென்றவளே, வாழி! வாழ்த்தியாயிற்று, இனி உன் அடிவயிற்றுப் போரைப் பாடுவோம்.

மின்விசிறி முனகும் ஊராட்சி மன்றப் பேரவையில், அவள் பங்கேற்ற முதல் கூட்டத்திலேயே, இரு தீர்மானங்கள் எதிரெதிர் நின்றன. ஒன்று அவளது கழிப்பறை. மற்றொன்று தலைவரின் திருப்பெயர் தாங்கி ஊர்முகப்பில் விண்முட்ட எழவிருந்த அலங்கார வளைவு. இருந்த பணமோ ஒன்றுக்குத்தான் காணும். கழிப்பறைப் பக்கம் ஒரே ஒரு கை கூடுதல். அவள் எழுந்து போனால் சரிபாதி. சரிபாதியானால் தலைவர் சொன்னதே தீர்ப்பு.

இதை நன்கறிந்த வளைவுக் கட்சியின் தளபதி, சிமெண்டுக் கடைக்காரர், "குடிங்க தங்கச்சி, வெயிலா இருக்கு" என்று தேனொழுகும் குரலில் டீயும் சோடாவும் ஜூஸும் அடுத்தடுத்து வரவழைத்தார். மறுக்கத் தெரியாத மரியாதைக்காரி அத்தனையும் குடித்தாள். குடித்த பிறகல்லவா அவர் பேச எழுந்தார்!

ஐயகோ! வளைவுகளின் வரலாற்றையும், வளைவில்லா ஊர்களின் வாட்டத்தையும், தம் கடைச் சிமெண்டின் உறுதியையும் அவர் மடைதிறந்து முழங்க முழங்க, நாயகியின் உள்ளே நீர்ப்படை திரண்டெழுந்து கோட்டைவாயிலை இடிக்க, அவளோ கால்மேல் கால் பின்னி, பல்லைக் கடித்து, மேசைமேலிருந்த தண்ணீர் பாட்டிலை ஏறெடுத்தும் பாராமல், புதர் தேடிப் போக இருட்டும்வரை காத்திருக்கும் தன் வார்டுப் பெண்களை நினைத்தாள். நினைத்ததும் ஆத்திரம் வந்தது. தினந்தினம் அவர்கள் படுகிற பாடு இதுதானே!

"முகமெல்லாம் வேர்க்குதே தங்கச்சி, கொஞ்சம் வெளிய காத்தாட நின்னுட்டு வாங்களேன்" என்றார் கடைக்காரர், பரிவே உருவாக.

நாயகி முழங்கினாள்: "எழுந்திருக்க மாட்டேன்! நீங்க விடிய விடிய பேசுங்கண்ணே, நான் இங்கதான் இருப்பேன்! ஓட்டெடுக்காம என்னை யாரும் அசைக்க முடியாது!"

அவை அதிர்ந்தது. வளைவைப் பற்றிச் சொல்ல ஒரு சொல்லும் மிச்சமின்றித் தொண்டை கட்டிச் சாய்ந்தார் தளபதி. கைகள் உயர்ந்தன, அவள் கை எல்லாவற்றுக்கும் மேலே நின்றது. கழிப்பறை வென்றது. தலைவர் தம் பெயரை ஊர்முகப்பில் காணும் ஆசையை மென்று விழுங்கினார்.

கைதட்டல் ஓயுமுன்னே, வெற்றித் திருமகள் வில்விடு கணையெனக் கூடம் கடந்து, கொல்லைப்புறம் பாய்ந்து, அலுவலகக் கழிப்பறையின் கதவைத் தள்ளித் திறந்தாள்.

உள்ளே கூரை வரைக்கும் பழைய பேனர்களை அடுக்கி வைத்திருந்தார்கள்.