புரட்டாசிச் சனிக்கிழமை வஞ்சிரம்

கறி, மீன் மேல் அத்தனை ஆசை வைத்துக்கொண்டு அத்தனை நாள் தயிர்சோறு சாப்பிட்ட மனிதர் வடசென்னையிலேயே கேலண்டர் மாமு ஒருவர்தான். திருவொற்றியூரில் எங்கள் கன்டெய்னர் யார்டில் கிரேன் ஓட்டினார். திங்கள் சிவனுக்கு, செவ்வாய் முருகனுக்கு, வியாழன் குருவுக்கு, வெள்ளி அம்மனுக்கு, சனி பெருமாளுக்கு. மிஞ்சிய புதன், ஞாயிறிலும் பாதியை அமாவாசையும் கிருத்திகையும் பறித்துக்கொள்ளும்.

கேன்டீனில் ஊருக்கெல்லாம் அவர்தான் போலீஸ். ஒருமுறை லாரி டிரைவர் ஒருவரின் வாயருகே போன முட்டையைத் தடுத்தார்.

"இன்னிக்கு சஷ்டி நைனா. கீய வெய்யி."

"அண்ணே, நான் கிறிஸ்டியன்."

"உனுக்கு இல்லப்பா. கோழிக்கு சஷ்டி."

பிறப்பிலேயே சைவமான என்னிடம் மட்டும் மரியாதை. "சாருக்கு வருசம் பூரா சனிக்கெயமதான்" என்பார், கொஞ்சம் இரக்கத்தோடு.

அவர் மனைவி கஸ்தூரி, காசிமேட்டில் மீன் விற்ற வீட்டில் பிறந்தவர். மாமுவுக்கு விரதமென்றால் வீட்டு அடுப்புக்கும் விரதம். அப்படியே முப்பது வருஷம் ஓட்டினார். போன வருஷம் வயிற்றில் கட்டி. இனி கேட்டதைக் கொடுங்கள் என்று சொல்லி டாக்டர் வீட்டுக்கு அனுப்பிவிட்டார். அன்று புரட்டாசி முதல் தேதி.

"வாயெல்லாம் கசந்துகினே கீதுய்யா. ஒரு துண்டு வஞ்சிரம் போட்டு கொயம்பு வையேன்."

"ஐப்பசி பொறக்கட்டும்மே. இது பெருமாள் மாசம்."

நான்காம் நாள் கஸ்தூரி போய்விட்டார். இதையெல்லாம் மாமுதான் சுடுகாட்டில் என்னிடம் சொன்னார், என் முகத்தைப் பார்க்காமல்.

பதினாறாம் நாள் படையல். அதுவும் புரட்டாசிச் சனிக்கிழமை. மாமு விடியலிலேயே காசிமேடு போய் வஞ்சிரம் வாங்கி, தானே குழம்பு வைத்து, சட்டியோடு கொண்டுவந்து மனைவி படத்தின் முன் வைத்தார்.

"இன்னா மாமா, பைத்தியம் புட்ச்சிகிச்சா? இன்னிக்குப் போயி..." என்றார் மைத்துனர்.

"அவ கேட்டா" என்றார் மாமு. அவ்வளவுதான்.

எல்லோரும் கும்பிட்டார்கள். பந்தியில் மட்டும் யாரும் உட்காரவில்லை. ஒவ்வொருவராகச் செருப்பைத் தேடிப் போனார்கள். மாமு சட்டியருகே தனியாக உட்கார்ந்திருந்தார்.

நான் ஓர் இலையை எடுத்து அவர் எதிரே போட்டுக்கொண்டேன்.

"சார், உங்களுக்கு வாணாம்."

"போடுங்க மாமு."

முதல் வாய் குமட்டிக்கொண்டு வந்தது. கண்ணை மூடி விழுங்கினேன். மாமு சாப்பிடவில்லை. விரல்களால் என் துண்டிலிருந்து முள்ளை எடுத்துக்கொண்டிருந்தார்.

"மெதுவா துன்னு கஸ்தூரி. முள்ளு கீது."

நான் திருத்தவில்லை. இன்னொரு துண்டு கேட்டேன்.