ஒன்று புள்ளி ஐந்தும் அத்தையின் கம்மலும்

பூஜ்யத்துக்கு மதிப்பே இல்லை என்று யாராவது சொன்னால் எனக்கு இன்றைக்கும் பற்றிக்கொண்டு வரும். ஒரே ஒரு பூஜ்யத்தை இடம் மாற்றிப் போட்டு, இருபத்து நாலு பெண்களின் பொங்கல் சேலைக்கு உலை வைத்தவள் நான்.

அணா போய் நயா பைசா வந்து இரண்டு மூன்று வருஷம் ஆகியிருக்கும். மானாம்பதிப் பக்கம் எங்கள் தெருவில் ஒன்பதாவது பாஸ் செய்த ஒரே பெண் நான்தான். (அந்தத் திமிர் என் நடையிலேயே தெரியும் என்பாள் அம்மா.) நடவுக்கும் களைக்கும் போன தெருப் பெண்கள் பொங்கலுக்காகக் கூலியில் மிச்சம் பிடித்து வைத்திருந்தார்கள். அப்பாவின் அக்கா கன்னியம்மா அத்தை வாலாஜாபாத்தில் ஒரு ஜவுளிக்கடையில் பேசிவிட்டு வந்தாள். சேலை எட்டு ரூபாய் நாற்பது நயா பைசா. இருபத்து நாலு சேலையுள்ள முழுக்கட்டாக எடுத்தால் நூற்றுக்குப் பன்னிரண்டரை தள்ளுபடி. ஒன்று குறைந்தாலும் தள்ளுபடி கிடையாது.

"தலைக்கு இன்னா வருதுன்னு போட்டுச் சொல்லுடி சரோஜா," என்றாள் அத்தை.

போட்டேன். பெருக்கி, வகுத்து, தள்ளுபடி நூற்றைந்து நயா பைசா என்று சரியாகவே கண்டுபிடித்தேன். அதாவது ஒரு ரூபாய் ஐந்து பைசா. ஒரு ரூபாய் ஐந்தணாவை 1-5 என்று எழுதிப் பழகிய பாழாய்ப்போன கை, கோட்டுக்குப் பதில் புள்ளி வைத்து 1.5 என்று எழுதியது. கழிக்க வசதியாகக் கடைசியில் ஒரு பூஜ்யம் வேறு சேர்த்தேன். (கடைசிப் பூஜ்யத்தால் மதிப்பு மாறாது என்று பள்ளிக்கூடத்தில் படித்திருந்தேனே!) ஒன்றரை ரூபாய் தள்ளுபடி. சேலை ஆறு ரூபாய் தொண்ணூறு!

எழுதப் படிக்கத் தெரியாத பக்கத்து வீட்டு முனியம்மா பெரியம்மாவுக்கு மட்டும் சந்தேகம். "நூத்துக்குப் பன்னெண்டரைன்னா ரூவாய்க்கு ரெண்டணா. எட்டு ரூவாய்க்கு ஒரு ரூவா, நாப்பது காசுக்கு அஞ்சு காசு. நீ இன்னாடி ஒன்னரை ரூவா தள்ளிக்கினு கீற?"

"பெரிம்மா, அணாவெல்லாம் சர்க்காரே எடுத்துட்டாங்க. இது தசமக் கணக்கு. உனக்குப் புரியாது."

பாவம், முந்தானை முடிச்சை அவிழ்த்துக் காசை எடுத்துக் கொடுத்தாள். தலைக்கு ஆறு தொண்ணூறு வசூலித்துக்கொண்டு, போகிக்கு முந்தின நாள் அத்தையும் நானும் பஸ் ஏறினோம்.

கடைக்காரர் பணத்தை எண்ணிவிட்டு நிமிர்ந்தார். "பத்து ரூபா எண்பது காசு குறையுதேம்மா."

நான் சும்மா இருந்திருக்கலாம். "உங்க கணக்குதான் தப்பு," என்று அவர் பென்சிலையே பிடுங்கி, நாலு பேர் பார்க்க அவருக்குத் தசமம் கற்றுக்கொடுத்தேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, என் ஐந்துக்கு முன்னால் ஒரு பூஜ்யத்தைப் போட்டார். 1.05. என் மானம் அந்தக் கடையிலேயே கப்பலேறியது.

"கட்டா எடுக்காட்டி இந்தக் காசுக்குப் பத்தொன்பது சேலைதான் வரும்," என்றார்.

அத்தை என்னைப் பார்த்தாள். "அஞ்சு பேருக்குச் சேல இல்ல. அந்த அஞ்சு பேரு யாருன்னு நீ போய்ச் சொல்றியாடி?"

நான் பென்சிலைக் கீழே வைத்தேன். அத்தை காதிலிருந்த கம்மல் இரண்டையும் கழற்றிக் கல்லாப்பெட்டிமேல் வைத்தாள். அவளிடம் இருந்த தங்கமே அவ்வளவுதான். "காணும் பொங்கல் கழிச்சு வந்து மீட்டுக்கினு போறேன், நைனா. கட்டை எடு."

அந்தப் பொங்கலுக்குத் தெருவே புதுச்சேலையில் பளபளத்தது. அத்தை மட்டும் துளை தூர்ந்துவிடாமல் இருக்கக் காதில் துடைப்பக்குச்சியைச் செருகிக்கொண்டு பொங்கல் வைத்தாள். நான் வீடு வீடாகப் போய்த் தலைக்கு நாற்பத்தைந்து பைசா கேட்டு நின்றேன். கொடுத்தவர்கள் எல்லோரும் காசோடு ஒரு வசவையும் சேர்த்தே கொடுத்தார்கள். முனியம்மா பெரியம்மா மட்டும் திட்டவில்லை. "எண்ணிக்கோ கண்ணு," என்றாள். அதற்கு நாலு அறை வாங்கியிருக்கலாம். காணும் பொங்கல் கழித்துக் கம்மல் அத்தையின் காதுக்குத் திரும்பியது.

இரண்டு வருஷத்தில் அந்த அத்தையே எனக்கு மாமியாரானாள். முப்பது வருஷம் ஒரே வீட்டில் இருந்தோம். ஒரு நாள்கூட அந்தக் கடையைப் பற்றிக் குத்திப் பேசியதில்லை. ஆனால் நான் மளிகைக் கணக்குப் போடப் பென்சிலை எடுத்தால் போதும், அவள் கை இரண்டும் தானாகக் காதுக்குப் போய்விடும். அவள் போய்ச் சேர்ந்து வெகுகாலமாயிற்று. அவளைப் பார்த்தே இராத என் பேத்திகள், இப்போது நான் பென்சிலை எடுத்தால் வரிசையாகக் காதைப் பொத்திக்கொள்கிறார்கள்.