வயிற்று வலி என்று சொன்னது

அன்புள்ள தம்பிக்கு,

அண்ணன் எழுதுவது. நீயும் உன் மனைவியும் பிள்ளைகளும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். என் சுகத்தைக் கேட்காதே. போனில் சொல்லியிருப்பேன், ஆனால் இந்த ஆஸ்பத்திரியில் பக்கத்துக் கட்டில்காரர் என் பேச்சைக் கேட்பதற்காகவே உயிரோடு இருக்கிறார். அதனால் இதை ஒட்டிய கவரில் உன் அண்ணி கொண்டுவருவாள்.

நேற்று இரண்டாவது பீரியடில் கரும்பலகையில் தவளையின் இதயம் வரைந்துகொண்டிருந்தேன், இடது பக்கம், சொல்லக் கூடாத இடத்தில், யாரோ ஈரத்துணியைப் பிழிகிற மாதிரி ஒரு வலி, இதயத்துக்கு வால் முளைத்துவிட்டது, தலைமையாசிரியை கேட்டதற்கு வயிறு என்றேன், வீட்டிலும் வயிறு என்றேன், "வயித்து வலிக்கு ஏங்க காலை அகட்டி நடக்கறீங்க?" என்றபடியே உன் அண்ணி வெந்நீர்ப் பை வைத்தாள், வயிறு வெந்தது, வலி இருந்த இடத்திலேயே இருந்தது. சாயங்காலம் ஆஸ்பத்திரிக்குப் போனால் அவசரப் பிரிவு டாக்டரம்மா என் பழைய மாணவி.

"எங்க சார் வலிக்குது?"

"வயிறும்மா."

"மேல் வயிறா, அடிவயிறா?"

"அடி."

"அதுக்கும் கீழயா சார்?"

"அதுக்குக் கீழ வயிறு ஏதும்மா."

இப்படியே வயிற்றுக்கு ஸ்கேன், ரத்தம், சிறுநீர் என்று இன்னும் இரண்டு மணி நேரம் போயிற்று. கடைசியில் வாந்தி எடுத்தபடி விரலால் காட்டினேன். அவள் முகம் மாறிவிட்டது. "முறுக்கிக்கிச்சு சார். ரத்தம் போகாது. ஆறு மணி நேரத்துக்குள்ள வந்திருக்கணும். உங்களுக்கா தெரியாது?" தெரியுமடா. அந்தப் பாடம் வந்தாலே "வீட்டுல படிச்சுக்கங்க" என்று இருபத்திரண்டு வருஷமாகப் பக்கத்தைப் புரட்டுகிறவன் நான். "நான் வீட்லயே படிச்சேன் சார்" என்றாள்.

அறுத்து, முறுக்கை அவிழ்த்து, இரண்டும் இனித் திரும்பாதபடி தைத்து நிறுத்தியிருக்கிறார்கள். இடது கறுத்துக் கிடந்ததாம், சூடான துணி வைத்ததில் கொஞ்சம் நிறம் வந்ததாம், பிழைக்குமா என்பது ஸ்கேனில்தான் தெரியுமாம். ஐம்பத்தொரு வயதில் இதற்கா அழுகிறாய் என்பாய். அழுகிறேன். உனக்கு முன்னாலேயே என்கூடப் பிறந்தது.

பள்ளிக்குக் குடல்வால் என்று எழுதிக்கொடுத்திருக்கிறேன். யார் கேட்டாலும் நீயும் அதையே சொல். படித்ததும் கிழித்துவிடு. பிள்ளைகளுக்குப் பெரியப்பாவின் ஆசி; எழுந்து நிற்க முடிந்ததும் முறையாகத் தருகிறேன்.

இப்படிக்கு,
உன் அண்ணன்

பி.கு.: ஒட்டுவதற்குள் ஸ்கேன் வந்துவிட்டது. ரத்தம் ஓடவில்லை. நாளை எடுத்துவிடுகிறார்கள். டாக்டரம்மா கட்டிலோரம் உட்கார்ந்து, "கூடப் பிறந்தவங்க இருக்காங்களா சார்? இது குடும்பத்துலயும் வரலாம். அவங்களுக்கு வலி வந்து வந்து போகுதா?" என்று கேட்டாள். போன மாதம் மாடிப்படியில் குனிந்து நின்று நீயும் வயிறு என்றாயே. கிழிக்காதே. இன்றே அண்ணியோடு கிளம்பி வா. எங்கே வலி என்று டாக்டரம்மா கேட்பாள். விரை என்று சொல். வாய் வரவில்லை என்றால் இந்தக் கடிதத்தை நீட்டு.