மேயர் உயிரோடுதான் இருக்கிறார்

"இது நானா?" என்று மேயர் எர்மெத்தே பாலூச்சி சுவரைப் பார்த்துக் கேட்டார்.

கறுப்புக் கரை போட்ட மரண அறிவிப்பு. அதில் அவர் பெயர், அவர் படம், தேர்தலுக்காக ஸ்டூடியோவில் வரவழைத்த அதே சிரிப்பு. விடிவதற்குள் ஊர் முழுக்க எழுபது இடத்தில் ஒட்டியாயிற்று. அன்று வெள்ளிக்கிழமை. ஞாயிற்றுக்கிழமை வாக்குப்பதிவு. போன தடவை பதினோரு ஓட்டில்தான் ஜெயித்தார். அதில் ஒன்பது மனைவி வழிச் சொந்தம்.

அச்சகத்துக்கு ஓடினார். அச்சகக்காரன் குவால்த்தியேரோ கை மையைத் துடைத்துக்கொண்டே வந்தான்.

"டூரின்ல செத்தது உங்க பெரியப்பா பையன் எர்மெத்தே. ரெண்டு பேருக்கும் தாத்தா பேரையே வச்சா நான் என்ன பண்றது மேயரே? கம்ப்யூட்டர்ல அந்தப் பேருல ஒரு போட்டோ இருந்துச்சு. போட்டுட்டேன்."

"உடனே மறுப்பு அடி! 'மேயர் உயிரோடு இருக்கிறார்'னு பெருசா!"

அடித்தான். வண்ணத்தாளையெல்லாம் எதிர்வேட்பாளரான மருந்துக்கடை அம்மா வாங்கித் தீர்த்துவிட்டதால், மிச்சமிருந்த கறுப்புக் கரைத் தாளிலேயே அடித்தான்.

"பாவம், வீட்டுக்காரங்களால தாங்க முடியல போல" என்று சதுக்கத்தில் பேசிக்கொண்டார்கள்.

சாயங்காலம் ஒலிபெருக்கி வண்டியை அனுப்பினார். பிரசாரத்தில் தொண்டை கட்டியிருந்ததால் பழைய பதிவைப் போடச் சொன்னார். "நண்பர்களே! நான் என்றும் உங்களோடுதான் இருப்பேன்!" என்று தெருத்தெருவாக அவர் குரல் முழங்கியது. ஆண்கள் தொப்பியைக் கழற்றினார்கள். பெண்கள் சிலுவைக் குறி போட்டுக்கொண்டார்கள்.

"கடைசியாப் பேசினதாம். கேக்கவே மனசு பிசையுது."

சனிக்கிழமை காலை, மேயருக்குரிய பச்சை வெள்ளை சிவப்புப் பட்டையைத் தோளில் மாட்டிக்கொண்டு வீட்டு வாசலுக்கு வந்தார். நகரக் காவலர் லொரெட்டா வழிமறித்தாள்.

"எங்க கிளம்பிட்டீங்க?"

"உயிரோட இருக்கேன்னு காட்டிட்டு வரேன்."

"இன்னிக்கு முடியாது மேயரே. ஓட்டுக்கு முந்தின நாள் பிரசாரம் கூடாது."

"மூச்சு விடறது பிரசாரமாம்மா?"

"வீட்டுக்குள்ள எவ்வளவு வேணா விட்டுக்கங்க. வெளிய வந்து விட்டா ஓட்டுக் கேக்கற மாதிரி ஆயிடும். ஆணையைப் பாருங்க, கீழ உங்க கையெழுத்துதான்."

உள்ளே போனார். ஜன்னல் பலகை இடுக்கு வழியாகப் பார்த்தார். வாசலில் பூங்கொத்துகள் குவிந்துகொண்டிருந்தன.

"தங்கமான மனுஷன்."

"அவர் கட்டின நீரூற்றுல தண்ணி வராட்டி என்ன, கட்டணும்னு மனசு வந்துச்சே!"

மேயர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"இருபது வருஷம் கார் ஓட்டக் கத்துக்குடுத்தேன், பன்னிரண்டு வருஷம் துணை மேயரா நாற்காலி தூக்கினேன், அஞ்சு வருஷம் மேயர். ஒரு நாளாவது ஒருத்தராவது இப்படிச் சொன்னாங்களா இனெஸ்?"

"நான்கூடச் சொன்னதில்லையே" என்றாள் மனைவி, காய் நறுக்கிக்கொண்டே.

"அப்ப இந்தக் குழப்பம் ஞாயித்துக்கிழமை வரைக்கும் இப்படியே இருக்கட்டும். அனுதாப ஓட்டு விழும்."

ஞாயிறன்று கதவு திறந்ததும் முதல் ஆளாக, தொப்பியை மூக்குவரை இழுத்துவிட்டுக்கொண்டு போய்த் தன் ஓட்டைப் போட்டுவிட்டு வந்தார்.

திங்கட்கிழமை மதியம் எண்ணி முடித்தார்கள். மருந்துக்கடை அம்மாவுக்கு இருநூற்றுப் பன்னிரண்டு. எர்மெத்தே பாலூச்சிக்கு ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பது.

பட்டையைச் சரியாகக்கூட மாட்டாமல் சதுக்கத்துக்கு ஓடினார். காப்பிக்கடை மேசைகள் எல்லாம் நிரம்பியிருந்தன. அவரைப் பார்த்ததும் மொத்தக் கூட்டமும் சிலுவைக் குறி போட்டுக்கொண்டது.

"ஆமா, நானேதான்! சாகல!" என்று கைகளை விரித்தார். "என் மேல இவ்வளவு பாசத்தை வச்சுக்கிட்டு இத்தனை நாளா ஏன் மறைச்சீங்க?"

யாரும் கைதட்டவில்லை. காப்பிக்கடை நீவெஸ் தட்டைக் கீழே வைத்தாள்.

"அஞ்சு வருஷத்துக்கு மேயரே இல்லாம நிம்மதியா இருக்கலாம்னுதானய்யா, ஊரே கட்சி பாக்காம உங்களுக்குப் போட்டோம்!"