மொகல் தெருவின் ஜெர்மன் ஃபார்வர்ட்

"ஜாடி கால் மேல விழுந்துச்சா, பக்கத்துல விழுந்துச்சா? நல்லா யோசிச்சுச் சொல்லு" என்றார் ஜமால்.

"யோசிக்க என்ன பாய் இருக்கு? த்வாண்டே ஊர்ல படகுல ஏத்தும்போது கை நழுவி நேரா பாதத்துல விழுந்துச்சு. அய்யாசாமி இந்த மாசம் எழுந்து நிக்க மாட்டான்" என்றான் துறைமுகக் கூலி உதுமான்.

ஜமால் விரித்துக்கொண்டிருந்த கைலியை அப்படியே விட்டுவிட்டு உட்கார்ந்தார். அய்யாசாமி, ரங்கூன் அலோன் துறைமுகத் தமிழர் பந்தாட்டச் சங்கத்தின் ஃபார்வர்ட். சங்கம் போட்ட கோல் எல்லாம் அவன் போட்டதுதான். மற்றவர்களும் பந்தை உதைப்பார்கள். அது எங்கே போகும் என்பது ஆண்டவனுக்குத்தான் தெரியும். ஞாயிற்றுக்கிழமை தின்கன்ஜூன் பேட்டைக் குமாஸ்தாக்களோடு கோப்பைப் பந்தயம். இன்று வியாழன்.

ஜமால்தான் சங்கத்தின் செகரட்டரி. பிழைப்புக்கு மொகல் தெருவில் சாதிக் பாட்சா முதலாளியின் கைலிக் கடையில் சரக்கு விரித்துக் காட்டும் வேலை. கடையில் காலையிலிருந்து விளக்கு வைக்கும் வரை "ஏ ஜமாலு, அந்தக் கைலிக் கட்டை எடு" என்பதுதான் மரியாதை. மைதானத்தில் மட்டும்தான் "செகரட்டரி வர்றாரு" என்று நாலு பேர் எழுந்து நிற்பார்கள். அந்த நாலு பேருக்காகத்தான் அவர் வாரம் முழுக்கக் கைலி விரித்தார். பந்தும் பனியனும் வாங்கிக் கொடுப்பவர் முதலாளி. அவரோ, "இந்தத் தடவையும் குமாஸ்தாக்கள்கிட்ட தோத்தா சங்கத்தை மூடிடுவோம்பா, எனக்கும் மானம் இருக்கு" என்று சொல்லிவிட்டார். சங்கம் போனால் செகரட்டரியும் போனார்.

பட்ட காலிலே படும் என்பார்கள். பட்டது என்னவோ அய்யாசாமியின் கால்தான். ஆனால் அந்த நேரம் பார்த்துக் கடைக்குள் நுழைந்தார் குமாஸ்தாக்கள் சங்கத்துச் செகரட்டரி சபாபதி.

"என்ன பாய், உங்க அய்யாசாமிக்குக் கால்ல ஏதோன்னு கேள்விப்பட்டேன். ஞாயித்துக்கிழமை ஆட ஆள் இருக்கா, இல்ல எங்க ஆள்ல ஒருத்தரை அனுப்பட்டுமா?"

கடையின் மறு ஓரத்தில் ஒரு ஜெர்மன் துரை சாயப்பொடி மாதிரிகளைப் பரப்பி வைத்துக்கொண்டிருந்தார். ஐரோப்பாச் சண்டை முடிந்து ஜெர்மன் சரக்கு மறுபடியும் ரங்கூனுக்கு வர ஆரம்பித்திருந்த காலம் அது. கதவு நிலையில் தலை இடிக்கிற உயரம், கூடவே கொஞ்சம் தொந்தி. பக்கத்தில் பெட்டியோடு அவருடைய பட்லர் மாரிச்சாமி.

ஜமாலின் வாய் அவரைக் கேட்காமலே திறந்துகொண்டது.

"ஆள் கப்பல்ல வந்து இறங்கியாச்சு சார். அதோ நிக்கிறாரே, கிராபே துரை. ஜெர்மனியில பேர் போன ஃபார்வர்ட்."

சபாபதி துரையைத் தலையிலிருந்து கால்வரை பார்த்தார். காலிலிருந்து தலைவரை மறுபடியும் பார்த்தார். வாங்க வந்த கைலியை வாங்காமலே போய்விட்டார்.

கைலி வியாபாரத்தில் துணியைத் தடவிப் பார்த்து வாங்குகிறவர் நூற்றில் ஒருவர். மற்றவர்கள் மேலே ஒட்டியிருக்கும் படச்சீட்டைப் பார்த்துத்தான் வாங்குவார்கள். சீட்டில் சிங்கம் இருந்தால் துணியும் சிங்கம். ஜமால் இருபது வருஷமாகச் சீட்டைக் காட்டி விற்றவர். இப்போது துரையின் மேலேயும் ஒரு சீட்டை ஒட்டிவிட்டார்.

சாயங்காலத்துக்குள் மொகல் தெரு முழுக்கச் செய்தி பரவியது. மொஹிங்கா சேமியாக் கடையில் ஆள் மாற்றி ஆள் ஜமாலைப் பிடித்துக்கொண்டார்கள். துரையிடம் உதை வாங்கிய ஒரு கோல்கீப்பர் மறுவாரமே பாதிரியாராகப் போய்விட்டார் என்றார் ஜமால். ஜெர்மனியில் ஆம்பர்க் ஊரில் கோல் வலையை இரும்புக் கம்பியால் பின்ன ஆரம்பித்ததே துரை ஆட வந்த பிறகுதான் என்றார். துரை இடது காலால் உதைக்கக் கூடாது என்று ஜெர்மன் சர்க்கார் தடை போட்டிருக்கிறதாம் என்று மூன்றாவதாக ஒன்று கிளம்பியது. அதை ஜமால் சொல்லவில்லை. கேட்டதும் அவருக்கே கொஞ்சம் பயமாக இருந்தது.

வீட்டில் ரஹீமா சோற்றை வைத்துவிட்டுக் கேட்டாள்.

"அவரு பந்து உதைச்சு நீங்க பாத்தீங்களா?"

"இல்ல."

"அவராவது பந்தைப் பாத்திருக்காரா?"

"ஜெர்மன்காரர். பாக்காமலா இருப்பாரு?"

"நாளைக்கே போய்க் கேளுங்க. தெரு பூரா சொல்லியாச்சு, இனி அவருகிட்டயும் ஒரு வார்த்தை சொல்லிடுறது நல்லது."

வெள்ளிக்கிழமை தொழுகை முடிந்ததும் ஜமால் துரையின் ஜாகைக்குப் போனார். பட்லர் மாரிச்சாமியை வாசலிலேயே மடக்கினார்.

"மாரிச்சாமி, துரைக்குப் பந்து ஆட வருமா?"

"நான் பாத்ததில்ல பாய். சாயப் பொட்டியக் கூட நான்தான் தூக்குறேன்."

"ஆட வேண்டாம். ஞாயித்துக்கிழமை மைதானத்து ஓரமா வந்து சும்மா உக்காந்தாப் போதும். கேட்டுச் சொல்லு."

மாரிச்சாமி தனக்குத் தெரிந்த சமையலறை இங்கிலீஷில் கேட்டான். துரை ஒரு கேள்வியும் கேட்காமல் தலையாட்டினார். பிறகு சிவப்புச் சாயப் பீப்பாயைக் காட்டினார்.

"வர்றாராம். ஆனா உங்க கடை இந்தச் சிவப்பை எடுக்கணுமாம்."

ஜமால் முதலாளியிடம் ஓடினார். சிவப்புக் கைலியை எவன் கட்டுவான் என்று சாதிக் பாட்சா சீறினார். சங்கத்துப் பனியனுக்குத் தோய்க்கலாம், கோப்பை வந்த பிறகு ஊரே சிவப்புக் கேட்கும் என்று ஜமால் சொல்லிச் சம்மதிக்க வைத்தார். முதலாளி பீப்பாயை எடுத்தார். எடுத்த கையோடு, "காசு போட்டு வாங்கியிருக்கேன், துரை உக்காரக் கூடாது, ஆடணும்" என்றார். கிணறு வெட்டப் பூதம் புறப்பட்டது.

சனிக்கிழமை காலை ஜமால் இன்னொரு பொய்யைத் தேடிப் பிடித்தார். துரைக்கு முழங்காலில் சுளுக்கு என்று ஒவ்வொருவர் காதிலும் சோகமாக ஓதினார். ஓதி முடிப்பதற்குள் முதலாளி அலோனில் எலும்பு கட்டும் கனகாம்பாளை எண்ணெய்க் கிண்ணத்தோடு துரையின் ஜாகைக்கு அனுப்பிவிட்டார். பின்னாலேயே துறைமுகக் கூலிகள் பாதிப் பேர் வேடிக்கை பார்க்கப் போனார்கள். துரை நாற்காலியில் சாய்ந்து சுருட்டுப் பிடித்தபடி இரண்டு காலையும் நீட்டிக் கொடுத்தார்.

கனகாம்பாள் நன்றாகத் தேய்த்து, மடக்கி, நீட்டிப் பார்த்துவிட்டு வாசலில் நின்ற கூட்டத்துக்குத் தீர்ப்புச் சொன்னாள்.

"சுளுக்குமில்ல, ஒண்ணுமில்ல. தேயாத கால். இப்படியொரு கால் நான் பாத்ததில்ல."

கூட்டம் இதைத் தின்கன்ஜூன் வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தது. ஜமால் அன்று சாப்பிடவில்லை.

ஞாயிறு மதியம் ரஹீமா தோய்த்துக் கொடுத்த சிவப்புப் பனியன்களோடு மைதானத்துக்குப் போனார். இதற்கு முன் அவ்வளவு கூட்டத்தை அங்கே யாரும் பார்த்ததில்லை. துரை சொன்ன நேரத்துக்கு வந்தார், சிவப்புப் பனியனை நீட்டியதும் ஒன்றும் கேட்காமல் மாட்டிக்கொண்டார். தொந்தி பனியனுக்கு வெளியே கொஞ்சம் எட்டிப் பார்த்தது. ஜமால் அவர் கையைப் பிடித்துக் குமாஸ்தாக்களின் கோலுக்குப் பக்கமாகக் கொண்டுபோய் நிறுத்தினார்.

"மாரிச்சாமி, இங்கேயே நிக்கச் சொல்லு. பந்து கிட்ட வந்தா ஒதுங்கிக்கட்டும். தொட்டாரு, நான் தொலைஞ்சேன்."

மாரிச்சாமி சொன்னான். துரை கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார்.

விசில் ஊதியது. குமாஸ்தாக்களில் நாலு பேர் ஓடி வந்து துரையைச் சுற்றிக்கொண்டார்கள். இரண்டு பேர் முன்னால், இரண்டு பேர் பின்னால். பந்து எங்கே என்று அவர்கள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. துரை இரண்டடி நகர்ந்தால் நாலு பேரும் இரண்டடி நகர்ந்தார்கள். துரை தும்மினார்; நாலு பேரும் குனிந்தார்கள்.

"இடது காலை விடாதீங்க" என்று சபாபதி கோட்டுக்கு வெளியிலிருந்து கத்திக்கொண்டே இருந்தார்.

மீதிக் குமாஸ்தாக்களுக்கும் பாதிக் கண் துரை மேல்தான். துறைமுகத்து ஆட்களுக்கு மைதானம் காலியாகக் கிடந்தது. வெறுங்காலோடு மூட்டை தூக்கி ஓடுகிறவர்கள், இடம் கிடைத்தால் விடுவார்களா? இடைவேளைக்கு முன் ஒரு கோல் விழுந்தது. இரண்டாம் பாதியில் துரைக்குத் தாகம் எடுத்து, இளநீர் குடிக்கக் கோட்டோரம் நடந்தார். நாலு குமாஸ்தாக்களும் கூடவே நடந்தார்கள். அவர் குடித்து முடிப்பதற்குள் அடுத்த கோல் விழுந்தது. சாயத்தைக் கொதிக்க வைக்காமல் தோய்த்திருந்ததால் வியர்வையில் சிவப்பு ஒழுகியது. உரசிக்கொண்டு நின்ற நாலு பேரும் ஆரத்தித் தண்ணீரில் குளித்தவர்கள் போல வெளியே வந்தார்கள்.

கோப்பை கைக்கு வந்தது. சாதிக் பாட்சா முதலாளி எல்லார் முன்னிலையிலும், "செகரட்டரி, இங்க வாங்க" என்றார். அவர் வாயிலிருந்து 'வாங்க' என்ற சொல்லை ஜமால் கேட்பது அதுதான் முதல் தடவை. சபாபதியும் வந்து கையைக் கொடுத்தார்.

"நல்லவேளை பாய், கடைசி வரைக்கும் பந்தை அவருகிட்டப் போகவிடல. இல்லாட்டி எங்களுக்கு எத்தனை விழுந்திருக்குமோ."

ஜமாலுக்குச் சந்தோஷத்தோடு நெஞ்சில் முள்ளும் குத்தியது. ஊரை ஏய்த்தது பெரிதாகத் தெரியவில்லை, வியாபாரத்தில் இருப்பதுதான். ஆனால் ஒன்றும் அறியாத ஒரு மனுஷனைத் தொந்தியோடு கூட்டத்தில் நிறுத்திப் பிழைத்துவிட்டோமே என்று கூசியது. வேப்பமரத்தடியில் பனியனைக் கழற்றிக்கொண்டிருந்த துரையிடம் போனார். மாரிச்சாமி துண்டோடு நின்றான்.

"மாரிச்சாமி, இதை விடாம அப்படியே சொல்லணும். நான் பொய் சொன்னேன். அவரு பெரிய ஃபார்வர்ட்னு நானாக் கட்டி விட்டேன். அவரைக் கேக்காம அவரு பேரை எடுத்து வித்துட்டேன். மன்னிச்சுக்கணும்னு சொல்லு."

மாரிச்சாமி திக்கித் திணறிச் சொன்னான். துரை கேட்டார். முதலில் தொந்தி குலுங்கியது, பிறகு ஆளே குலுங்கினார். கண்ணைத் துடைத்துக்கொண்டு நீளமாக ஏதோ சொன்னார்.

"என்ன சொல்றாரு? கோவமா?"

"கோவமில்ல பாய். அவரு ஊர்ல நிஜமாவே பெரிய ஃபார்வர்டாம். ஆறு வருஷம் ஆடினாராம், ரெண்டு கோப்பை வாங்கியிருக்காராம்."

ஜமால் மரத்தைப் பிடித்துக்கொண்டார். "அட பாவி, அப்ப அவருக்குப் பந்து உதைக்கத் தெரியுமா?"

மாரிச்சாமி துரையிடம் கேட்டுவிட்டுத் திரும்பினான்.

"தெரியாதாம் பாய். அங்கேயும் உங்கள மாதிரி ஒரு செகரட்டரி இருந்தாராம்."