கத்தாழைக்குச் சாட்சி சொல்ல வா

எண்ணூர் முகத்துவாரத்தில் கறுப்பு எண்ணெய் மிதந்த வருசம், டோல்கேட்டுக்கு மெட்ரோ வந்து மூணாவது வருசம் நடக்கறப்போ, புருசனைப் பறிகொடுத்த என் தங்கச்சிக்கு, வள்ளூருக்கு, அண்ணன் எழுதிக்கொள்வது. இங்கே நான் நலம் இல்லை. நலம்னு போடவான்னு கேட்ட ஜெராக்ஸ் கடை ரஷீது பாயை, சொல்றத மட்டும் எழுது பாய்னு அதட்டிட்டேன்.

விசயம் இன்னான்னா, எனக்குப் பைத்தியம்னு சீட்டு எழுதிட்டாங்கம்மா. எம்மவன் உதயா, கண்ணு டெஸ்டுன்னு சொல்லி இட்டுகினு போனான். கண்ணு டாக்டரா இருந்தா கண்ணைப் பாப்பாரு. இவரு நூறுலேந்து ஏழு ஏழா கழிக்கச் சொன்னாரு. கடைசில ரெண்டு மீனு நின்னுச்சு, பூனைக்குப் போடவான்னு கேட்டேன். சிரிக்கல. "காதுல கொரலு ஏதாச்சும் கேக்குதா?"ன்னாரு. "ஐம்பது வருசமா கேக்குது சார்." பேனாவ எடுத்தாரு. "யாரு பேசறாங்க?" "கத்தாழை மீனு." "இன்னா சொல்லுது?" "நாங்க இங்கதான் கீறோம்னு சொல்லுது." எஞ்சின நிறுத்திட்டு, துடுப்பத் தண்ணில நட்டு, புடியில காத அழுத்தினா, அடியில கர்ரு கர்ருன்னு கத்தாழைக் கூட்டம் பேசிக்கினு கீறத நம்ம குப்பத்துல யாரு கேக்கல? உம்புருசன் பாஸ்கரு அதக் கேட்டே எத்தினி பாகம் ஆழத்துல கீதுன்னு சொல்வானே! "மீனுக்கு மனசு, புத்தியெல்லாம் கெடையாது பெரியவரே"ன்றாரு. "வலை எறங்கினதும் அத்தினியும் ஒரே நேரத்துல கப்சிப்னு ஆவுதே, ஒண்ணுக்கொண்ணு சொல்லிக்காமலா?"ன்னேன். உதயா என் தொடையக் கிள்றான். காலைல ஒரு மாத்திரை, சாயந்தரம் ஒரு மாத்திரை. போட்டையும் சங்கிலி போட்டுப் பூட்டிட்டான்.

திங்கக்கெழமை மறுபடி போவணும். இந்த மீனு சமாச்சாரம் தெரிஞ்சவங்க யாராச்சும் வந்து சொன்னா மாத்திரைய நிறுத்தலாம்னு டாக்டர் சொல்லிக்கீறாரு. எங்கூட போட்டுல ஏறினவனுங்கள்ல வெற்றி புயல்ல போனான், ரஹீம் காமாலைல போனான், பாஸ்கரும் போயிட்டான். நீ வந்து, மீனுதான் பேசுச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லும்மா. உன் புள்ளைங்க நல்லா இருக்கட்டும். உன் மூட்டுவலி கொறையட்டும்.

பி.கு: பாய், இதையும் எழுதிக்கோ. எண்ணெய் வந்ததுலேந்து எனக்கு எந்த மீனும் பேசல. இப்பக் கேக்கறது பாஸ்கரோட கொரலு. பூட்டின போட்டாண்ட ஒக்காந்து மணல்ல துடுப்ப நட்டாலும் கேக்குது. மாத்திரை முழுங்கின மூணு நாளும் அவன் வரல, அதான் துப்பிடறேன். நீ டாக்டராண்ட மீனுன்னே சொல்லும்மா. "அவ சாப்ட்டாளா?"ன்னு தெனம் கேக்கறான். நான் இன்னான்னு சொல்றது? அவனுக்குப் பதில் சொல்ல உயிரோட கீறது நீ ஒருத்திதான், குப்பம்மா.