தலைவரின் ஐம்பதாவது கோல்

கால்பந்தின் உலக வரலாற்றை இரண்டாகப் பிரிக்கச் சொன்னால், மணலூர்பேட்டையில் அறிவுச்செல்வன் பதிவேட்டைத் திறப்பதற்கு முன்பு, திறந்ததற்குப் பின்பு என்று தயங்காமல் பிரித்துவிடலாம். முன்பு நடந்தவற்றுக்குச் சரியான ஆதாரம் கிடையாது. பின்பு நடந்தவற்றுக்கு ஆதாரம் ஏராளம். நடந்ததுதான் கொஞ்சம் குறைவு.

அறிவுச்செல்வன் பேருந்து நிலையத்தருகே ஜெராக்ஸ் கடை வைத்திருப்பவர். 'கல்வராயன் வேங்கைகள் தொழில்முறை மகளிர் கால்பந்துக் கழக'த்தின் செயலாளர், வரலாற்றாசிரியர், ஒலிபெருக்கி அறிவிப்பாளர் மூன்றும் அவரே. 'தொழில்முறை' என்ற சொல்லைச் சேர்த்ததும் அவர்தான். அதில் பொய் இல்லை. வேங்கைகள் பதினொரு பேருக்கும் தொழில் இருந்தது. எட்டுப் பேர் கரும்பு வெட்டினார்கள், இரண்டு பேர் களை எடுத்தார்கள், தனுஷா தையல் கடையில் பொத்தான் தைத்தாள்.

கழகத்தின் ஆறாண்டுச் சாதனைகள் நீல அட்டைப் பதிவேட்டில் இருந்தன. எலவனாசூர்கோட்டை அணியுடனான ஆட்டத்தில் அறுபத்து நான்கு பொன்னாடைகள் போர்த்தப்பட்டன. இது இன்றுவரை முறியடிக்கப்படவில்லை. நைனார்பாளையம் ஆட்டத்தில் வரவேற்புரை மட்டும் ஒன்றரை மணி நேரம். பாராட்டெல்லாம் முடிந்து மிச்சமிருக்கும் வெளிச்சத்தில் பெண்கள் பந்தாடினார்கள். சராசரி இருபத்திரண்டு நிமிடம். மைதானத்தின் வலது மூலையை விழா மேடை அடைத்துக்கொண்டதால் வேங்கைகள் எப்போதும் இடது பக்கமாகவே முன்னேறினார்கள். இரண்டாம் பாதி என்று ஒன்று பெரும்பாலும் வராததால் பக்கம் மாறும் தொல்லையும் இல்லை.

எல்லாவற்றுக்கும் சிகரமான சாதனை ஒன்று உண்டு. இந்த மகளிர் கழகத்துக்காக மிக அதிக கோல் அடித்தவர் அதன் தலைவர் ஜெயப்பிரகாஷ். வயது அறுபத்திரண்டு. நாற்பது ஏக்கர் கரும்பு, ஓர் அரிசி ஆலை, வலிக்கும் முழங்கால்கள் இரண்டு. நாற்பத்தொன்பது ஆட்டங்களில் நாற்பத்தொன்பது கோல். தனுஷா பதினேழு கோலுடன் வெகு தொலைவில் இரண்டாம் இடம். பெண்கள் அணியில் முதலிடத்தை ஓர் ஆணுக்கு விட்டுக்கொடுத்த பெருந்தன்மை வேறு எந்த நாட்டிலும் இல்லை என்று பதிவேடு குறிப்பிடுகிறது.

முறை இதுதான். ஆட்டத்தைத் துவக்கிவைக்கும் பந்துக்குச் சந்தனமும் குங்குமமும் வைத்து, கோல் கம்பத்திலிருந்து ஆறடி தூரத்தில் வைப்பார்கள். தலைவர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு உதைப்பார். கோல்கீப்பர் சந்தியா, விதி எண் ஏழின்படி 'மரியாதை விலகல்' செய்வாள். அதாவது இரண்டு எட்டு நகர்ந்து நின்று கைதட்டுவாள். பந்து உருண்டு உள்ளே போகும். அறிவுச்செல்வன் 'அடித்தவர்: தலைவர். விட்டவர்: சந்தியா' என்று எழுதுவார். விதி ஏழு அவர் எழுதியதுதான். தன் கடை தலைவரின் கட்டடத்தில் இருப்பதற்கும் அந்த விதிக்கும் சம்பந்தமில்லை என்று, யாரும் கேட்காதபோதே பலமுறை சொல்லியிருக்கிறார்.

இந்த நேரத்தில்தான் சென்னை மகளிர் அணி ஒன்று கோல்கீப்பர் தேடியது. அதன் பயிற்சியாளர் பாரதி, ஐம்பதாவது ஆட்டத்தைப் பார்க்க வருவதாகச் சொல்லி ஒரு படிவம் அனுப்பினார். ஆடிய ஆட்டம், விட்ட கோல் என்று இரண்டு கட்டங்கள். கீழே செயலாளர் கையெழுத்து. பூர்த்தி செய்த படிவத்தைப் பார்க்க சந்தியா கரும்பு வெட்டு முடித்த கையோடு கடைக்கு வந்தாள். காய்ந்த இலையான சோகை கீறிய கோடுகள் முழங்கைவரை இருந்தன.

"ஆட்டம் நாப்பத்தொம்போது, கோலு நாப்பத்தொம்போதுன்னு போட்டு வெச்சிக்கிறீங்களே, இன்னா சார் இது?"

"பதிவேட்டுல இருக்கறதுதாம்மா."

"அதெல்லாம் தலைவரு ஒதச்சது சார். ஆட்டத்துல ஒரு கோலாவது நான் வுட்டிருக்கேனா?"

"ஆட்டத்துல வுடல. ஆட்டத்துக்கு முன்னாடி வுட்டிருக்கியே."

"நான் எங்க சார் வுட்டேன்? நீங்கதான மைக்ல நகரு நகருன்னு சொல்லிக்கினே இருந்தீங்க."

வரலாற்றாசிரியர் ஜெராக்ஸ் இயந்திரத்தின் மூடியைத் திறந்து மூடினார். சந்தியா படிவத்தை மேசைமேல் வைத்தாள்.

"இந்தப் பேப்பர பாத்தா அவுங்க என்னைய சேத்துக்க மாட்டாங்க சார். அப்புறம் நான் காலத்துக்கும் கரும்பு வெட்டுதான்."

அன்று மாலையே அரிசி ஆலையில் அவசரச் செயற்குழு கூடியது. தலைவர், அவருடைய மைத்துனரும் பொருளாளருமான சின்னதுரை, செயலாளர் ஆகிய மூவரும் பெருந்திரளாகக் கலந்துகொண்டனர்.

"சந்தியா கணக்குல சைபர்னு போட்டுடலாங்களா தலைவரே?" என்றார் அறிவுச்செல்வன், குரலைத் தாழ்த்தி.

தலைவர் யோசித்தார். "அவ வுடலன்னா, நான் அடிக்கலன்னு ஆவுது இல்ல?"

"அப்பிடி நேரா வராதுங்க. சுத்தி வந்தா வருங்க."

சின்னதுரை சிக்கலைத் தீர்த்தார். "அடிச்சது மாமா கணக்குல, வுட்டது அந்தப் பொண்ணு கணக்குல. ஆளுக்கு ஒண்ணு. இதுல இன்னா அநியாயம்?"

தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது. அறிவுச்செல்வன் படிவத்தில் கையெழுத்திட்டு முத்திரை குத்தினார். அன்றிரவு அவருக்குச் சோறு இறங்கவில்லை. கத்தரிக்காய் கசந்தது என்று மனைவியிடம் சொன்னார்.

அரைசத கோல் விழா பகல் இரண்டு மணிக்குத் தொடங்கியது. தலைவர் பறந்துகொண்டே உதைப்பதுபோல முப்பதடி பேனர். வெள்ளிமலையிலிருந்து வந்த எதிரணி அதன் நிழலில் உட்கார்ந்து கட்டுச்சோறு தின்றது. பேசினார்கள், போர்த்தினார்கள், மறுபடி பேசினார்கள். பாரதி ஐந்தரை மணி திருக்கோவிலூர் பேருந்தைப் பிடிக்க வேண்டும். ஐந்து மணிவரை பந்தையே அவர் பார்க்கவில்லை.

மேடையோரம் நின்று, அறிவுச்செல்வன் கொடுத்த படிவத்தைப் பிரித்துப் படித்தார். "ஆட்டத்துக்கு ஒரு கோல் விடற கீப்பர். இதுக்கா சார் இவ்வளவு தூரம் வந்தேன்?" பையைத் தோளில் மாட்டிக்கொண்டார். சந்தியா அதைக் கோல் கம்பத்தடியிலிருந்து பார்த்தாள்.

தலைவர் வேட்டியை மடித்துக் கட்டினார். உதைத்தார்.

"நகரும்மா" என்றது ஒலிபெருக்கி.

சந்தியா நகரவில்லை. குனிந்து பந்தை எடுத்துக்கொண்டாள். சந்தனம் அவள் உள்ளங்கையில் ஒட்டியது.

"கை தவறிப் புடிச்சிட்டா போல. மறுபடியும் வையி" என்றார் தலைவர். இரண்டாவதைப் பலமாக உதைத்தார், பிடித்தாள். மூன்றாவதை மூலைக்கு உதைத்தார், பாய்ந்து பிடித்தாள். ஆறாவது முடிந்ததும் தலைவர் முழங்காலைப் பிடித்துக்கொண்டு தனுஷாவைக் கூப்பிட்டார்.

"எனக்குப் பதிலா நீ ஒதம்மா. கோலு என் பேர்ல."

தனுஷா பந்தைப் பெனால்டி இடத்துக்கு எடுத்துப் போனாள். தோழிக்காக மெதுவாக உதைக்கவில்லை. அப்படி உதைப்பது தோழிக்குக் கேடு என்று அவளுக்குத் தெரியும். வலது மேல்மூலைக்குப் போன பந்தைச் சந்தியா விரல் நுனியால் தட்டிவிட்டாள். அடுத்ததைக் காலால் தடுத்தாள். அதற்கடுத்ததை மார்போடு அணைத்துக்கொண்டு விழுந்தாள். கட்டுச்சோறு தின்ற அணி எழுந்து நின்று கைதட்டியது. பொன்னாடையோடு வந்தவர்கள்கூட எழுந்தார்கள். ஆறு வருடத்தில் முதல் முறையாக மணலூர்பேட்டை கால்பந்து பார்த்தது. அறிவுச்செல்வன் மைக்கை மேசையில் வைத்துவிட்டுக் கைதட்டினார். நல்லவேளை, அப்போது அறிவிக்க எதுவும் இல்லை.

பாரதி பையை இறக்கிவைத்துவிட்டு அவரிடம் வந்தார். படிவத்தை நீட்டினார்.

"இந்த நாற்பத்தொன்பது கோல் எப்படி சார் உள்ள போச்சு?"

மேடையில் மூச்சு வாங்கிக்கொண்டிருந்த தலைவர் திரும்பிப் பார்த்தார். அறிவுச்செல்வன் தன் கடையை நினைத்தார், ஏழாம் விதியை நினைத்தார், சோகை கீறிய கைகளையும் நினைத்தார். பிறகு படிவத்தை வாங்கி நாற்பத்தொன்பதை அடித்துவிட்டு சைபர் என்று எழுதி, பக்கத்தில் சுருக்கொப்பமும் போட்டார். அதோடு நிற்கவில்லை. நீலப் பதிவேட்டைத் திறந்து, 'விட்டவர்' என்ற பத்தியில் சந்தியாவின் பெயரை அடித்தார். மேலே வேறொரு பெயரை எழுதி, அதன்கீழ் நாற்பத்தெட்டு தடவை 'மேற்படி' என்று எழுதத் தொடங்கினார்.

பாரதி படிவத்தை மடித்துப் பையில் வைத்தார். "திங்கக்கிழமை கிளம்பி வந்துடும்மா" என்று சந்தியாவிடம் சொல்லிவிட்டுப் பேருந்துக்கு ஓடினார்.

தலைவர் நொண்டிக்கொண்டே மேடையிலிருந்து இறங்கி வந்தார். "இன்னாய்யா பண்ணிக்கினு கீற? என் நாப்பத்தொம்போது கோலு இன்னா ஆச்சி?"

"அது அப்பிடியேதாங்க இருக்கு தலைவரே. வுட்ட ஆளு பேர மட்டும் திருத்தினேன்."

"யாரு பேரு?"

அறிவுச்செல்வன் ஒலிபெருக்கியை அணைக்க மறந்திருந்தார். ஊர் முழுக்கக் கேட்டது.

"என் பேருதாங்க. ஆறு வருசமா எல்லாத்தியும் பாத்துக்கினே வுட்டது நான்தானுங்களே."